பெட்ரோல் மூடி திறக்கவில்லையா? ஸ்க்ரூ டிரைவரை எடுக்காதீர்கள்!

எந்த ரகம் போடலாம், எந்த உரம் வைக்கலாம் என்று வரும் கேள்விகளுக்கு நடுவே, வண்டி வாகனம் பற்றிய கேள்விகளும் இப்போது நிறைய வருகின்றன. இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. செகண்ட் ஹேண்டில் ஒரு சின்ன கார் வாங்கி வாசலில் நிறுத்தியிருக்கும் விவசாயக் குடும்பங்கள் ஊருக்கு ஊர் பெருகிவிட்டன. விடியற்காலையில் உழவர் சந்தைக்குக் கீரைக்கட்டு ஏற்றவும், விதை வாங்கவும், பிள்ளைகளைப் பரீட்சைக்குக் கொண்டுபோய் விடவும், ராத்திரியில் பெரியவர்களுக்கு நெஞ்சுவலி என்றால் ஆஸ்பத்திரிக்கு ஓடவும் அந்த ஒரே கார்தான்.

அப்படி வரும் கேள்விகளில் அடிக்கடி வருவது இது: “பங்க்கில் போய் நின்றால் பெட்ரோல் மூடி திறக்கமாட்டேன் என்கிறது. என்ன செய்வது?”

கேட்பதற்குச் சின்ன விஷயம்தான். ஆனால் ரிசர்வ் விளக்கு எரிகிறது, வண்டியில் நோயாளி இருக்கிறார், இரவு 11 மணி, மெக்கானிக் யாரும் கிடைக்கமாட்டார் என்கிறபோது அது சின்ன விஷயமே இல்லை. அவசரத்தில் நெம்பிப் பார்ப்பதால் தகரம் வளைந்து, கொண்டி உடைந்து, கைச்செலவு பல மடங்கு ஆகிவிடுகிறது. அதனால் இந்த இதழில் இதை விளக்கமாகவே பார்த்துவிடுவோம். விவசாயப் பட்டப்படிப்பில் பண்ணைக் கருவிகளும் ஒரு பாடம்தான். அதோடு, கிராமம் கிராமமாகச் சுற்றும் எங்களைப் போன்ற வேளாண் அலுவலர்களுக்கு வண்டிதான் இரண்டாவது அலுவலகம்.

முதலில், மூடி எந்தப் பக்கம்?

புதிதாக வாங்கிய பழைய காரை பங்க்கில் எந்தப் பக்கம் நிறுத்துவது என்று தெரியாமல் பலர் இறங்கிப் பார்க்கிறார்கள். இறங்கத் தேவையில்லை. பெட்ரோல் முள் காட்டும் இடத்தில் ஒரு சின்ன பங்க் படம் இருக்கும். அதன் பக்கத்தில் ஒரு அம்புக்குறி இருந்தால், அது எந்தப் பக்கம் காட்டுகிறதோ அந்தப் பக்கம்தான் மூடி. அமெரிக்காவில் ஃபோர்டு கம்பெனியில் வேலை பார்த்த ஜிம் மொய்லன் என்பவர் 1986-ல் சொன்ன யோசனை இது. மழையில் நனைந்துகொண்டு வண்டியைத் தப்பான பக்கம் நிறுத்திய அனுபவத்தில் இதை எழுதிக் கொடுத்தார். 1989 மாடல் கார்களில் வர ஆரம்பித்து, இன்று உலகம் முழுக்கப் பரவிவிட்டது. மிகப் பழைய கார்களில் இந்த அம்பு இருக்காது.

டாடா நானோ வாங்கியவர்கள் பின்பக்கம் தேட வேண்டாம். அதில் பெட்ரோல் ஊற்றும் இடம் முன்பக்க பானெட்டுக்கு அடியில் இருக்கிறது.

இரண்டு மூடிகள்

ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். காரில் இரண்டு மூடிகள் உண்டு. வண்டியின் நிறத்திலேயே தகரத்தில் வெளியே தெரிவது வெளிமூடி. அதைத் திறந்தால் உள்ளே திருகிக் கழற்றும் பிளாஸ்டிக் மூடி இருக்கிறதே, அது உள்மூடி. பெரும்பாலும் மக்கர் செய்வது வெளிமூடிதான்.

வெளிமூடி திறக்கும் விதம் காருக்குக் கார் மாறும். நம் ஊர்க் கார்களில் அதிகம் இருப்பது மூன்று வகை.

முதல் வகை லீவர். டிரைவர் சீட்டுக்குப் பக்கத்தில், தரையோடு ஒட்டி ஒரு சின்ன லீவர் இருக்கும். ஆல்ட்டோ, ஸ்விஃப்ட் போன்ற கார்களில் இப்படித்தான். அதைத் தூக்கினால் மூடி ‘டக்’ என்று விலகும். பக்கத்திலேயே டிக்கி திறக்கும் லீவரும் இருந்தால், லீவர் மேல் இருக்கும் பங்க் படத்தைப் பார்த்து இழுக்க வேண்டும்.

இரண்டாவது வகை அழுத்தித் திறப்பது. லீவர் எதுவும் இருக்காது. கார் கதவுகளின் லாக்கைத் திறந்துவிட்டு, மூடியின் ஓரத்தை விரலால் உள்ளே அழுத்தினால் வெளியே வரும். கதவு லாக்காகி இருந்தால் மூடியும் லாக்காகி இருக்கும். ‘மூடி கெட்டுப்போச்சு’ என்று சொல்லப்படும் சில வண்டிகளில், கதவு லாக்கைத் திறக்காமல் அழுத்தியிருப்பார்கள். அவ்வளவுதான்.

மூன்றாவது வகை பட்டன். டேஷ்போர்டிலோ டிரைவர் கதவிலோ ஒரு பட்டன் இருக்கும். அதை அழுத்தினால் உள்ளே இருக்கும் சின்ன மோட்டார் கொண்டியை விடுவிக்கும்.

உள்ளே என்ன நடக்கிறது?

லீவர் வகையை எடுத்துக்கொள்வோம். லீவரிலிருந்து ஒரு கம்பிக் கேபிள், சைக்கிள் பிரேக் கேபிள் மாதிரி, உறைக்குள் ஓடி வண்டியின் பின்பக்கம் போகிறது. அதன் முனையில் ஒரு கொண்டி. லீவரை இழுத்தால் கொண்டி பின்வாங்கும். அப்போது மூடிக்கு அடியில் இருக்கும் ஒரு தகட்டு ஸ்பிரிங், மூடியை வெளியே தள்ளும்.

ஆக, நடக்க வேண்டிய வேலை இரண்டு. கொண்டி பின்வாங்க வேண்டும். ஸ்பிரிங் தள்ள வேண்டும். இரண்டில் எது நடக்கவில்லை என்று கண்டுபிடித்தால் பாதி வேலை முடிந்தது. பயிரில் நோயா, சத்துக் குறைபாடா என்று பிரித்துப் பார்ப்பது மாதிரிதான் இதுவும்.

லீவர் வழக்கம்போல இறுக்கமாக இருக்கிறது, பின்னால் ‘டக்’ சத்தமும் கேட்கிறது, ஆனால் மூடி எழும்பவில்லை என்றால் கொண்டி நன்றாகத்தான் இருக்கிறது. ஸ்பிரிங் தளர்ந்திருக்கும், அல்லது கீலில் துருவும் சேறும் ஏறியிருக்கும்.

லீவர் கனமே இல்லாமல் லொடலொடவென்று வருகிறது என்றால் கேபிள் அறுந்திருக்கும், அல்லது முனை கழன்றிருக்கும்.

லீவர் கல் மாதிரி இறுகியிருக்கிறது என்றால் கேபிள் உறைக்குள் துருப்பிடித்திருக்கும், அல்லது சீட்டுக்கு அடியில் எங்காவது நசுங்கியிருக்கும். அந்த நேரத்தில் பலம் காட்டினால் லீவரின் பிளாஸ்டிக்தான் உடையும்.

பங்க்கில் நிற்கும்போது செய்ய வேண்டியது

முதலில் இன்ஜினை நிறுத்துங்கள். பின்னால் வண்டிகள் வரிசையில் நின்றால் பதற்றம் வரும். பம்ப்பை விட்டு வண்டியைத் தள்ளி ஓரமாக நிறுத்திவிட்டு நிதானமாகப் பாருங்கள்.

இரண்டு பேர் இருந்தால் வேலை சுலபம். ஒருவர் உள்ளே உட்கார்ந்து லீவரை முழுவதும் இழுத்துப் பிடித்துக்கொள்ளட்டும். மற்றவர் உள்ளங்கையால் மூடியை ஒரு முறை மெதுவாக உள்ளே அழுத்திவிட்டு விடட்டும். மூடி வெளிப்பக்கமாகத் தள்ளும் அழுத்தத்தில் கொண்டி சிக்கிக்கொண்டிருக்கும்; உள்ளே அழுத்தினால் அந்தச் சிக்கல் விலகும். முக்கால்வாசி நேரம் இதிலேயே திறந்துவிடும். முஷ்டியால் குத்த வேண்டாம், தகரம் குழியும்.

அப்படியும் எழும்பவில்லை என்றால், லீவரை இழுத்துப் பிடித்த நிலையிலேயே, பழைய ஏ.டி.எம். கார்டு போன்ற பிளாஸ்டிக் அட்டையை மூடியின் திறக்கும் ஓரத்தில் செருகி மெல்ல வெளியே தூக்குங்கள். இந்த இடத்தில்தான் ஸ்க்ரூ டிரைவரும் கத்தியும் வேலைக்கு வருகின்றன. வேண்டவே வேண்டாம். பெயிண்ட் போனால் அந்த இடத்தில் அடுத்த மழைக்கே துரு பிடிக்கும். ஓரம் வளைந்தால் மூடி பிறகு சரியாக உட்காராது. பெட்ரோல் வாயிக்குப் பக்கத்தில் இரும்பால் இரும்பைக் கீறுவது நல்லதும் அல்ல. பெட்ரோல் ஆவி காற்றைவிடக் கனமானது. பூஜ்ஜியத்துக்குக் கீழே 40 டிகிரி குளிரிலும் தீப்பற்றக்கூடிய ஆவியை விடும் எரிபொருள் அது. நம் ஊர் வெயிலில் கேட்கவே வேண்டாம்.

தனியாக இருந்தால், சீட்டில் உட்காராமல் வெளியே நின்று திறந்த கதவு வழியாக லீவரை இழுத்து, ஒரு துணியைச் சுருட்டி அடியில் கொடுத்து நிற்க வையுங்கள். பிறகு பின்னால் போய் மூடியை அழுத்தி எடுங்கள்.

அழுத்தித் திறக்கும் வகையிலும் பட்டன் வகையிலும், ரிமோட்டால் நான்கைந்து முறை லாக் செய்து திறந்து பாருங்கள். ஒவ்வொரு முறையும் மூடிக்குப் பின்னால் சின்ன சத்தம் வருகிறதா என்று காது கொடுத்துக் கேளுங்கள். சத்தமே இல்லை என்றால் ஃபியூஸ் போயிருக்கலாம். எந்த ஃபியூஸ் என்பது கார் கையேட்டில் இருக்கும். வைக்கோல் போருக்குப் பக்கத்தில் வண்டி நிறுத்துகிறவர்கள் வயரை எலி கடித்திருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும்.

டிக்கிக்குள் இருக்கும் ரகசியக் கயிறு

கார் வைத்திருக்கும் பலருக்குத் தெரியாத ஒன்று இது. பல கார்களில் அவசரத்துக்கென்றே ஒரு சின்னக் கயிறோ, வளையமோ டிக்கிக்குள் இருக்கும். மூடி எந்தப் பக்கமோ அந்தப் பக்கச் சுவரில் ஒரு சின்னப் பிளாஸ்டிக் கதவைத் திறந்தால், அல்லது மேட் துணியை விலக்கினால் தெரியும். அதைப் பிடித்து மெதுவாக, நேராக இழுத்தால் கொண்டி விலகிவிடும். வெடுக்கென்று இழுத்தால் கயிறு கையோடு வந்துவிடும்.

கயிறு இல்லாத லீவர் வகைக் கார்களிலும் வழி உண்டு. அந்தப் பக்கத்து டிக்கி மேட்டை ஓரத்து கிளிப்புகளைக் கழற்றி விலக்கினால், மூடியின் பின்பக்கப் பெட்டியும் கேபிள் முனையும் தெரியும். கம்பியின் முனையைக் குறடால் பிடித்து, கேபிள் வரும் திசையில் இழுத்தால் கொண்டி பின்வாங்கும். உள்ளே தகர ஓரங்கள் கத்தி மாதிரி இருக்கும், கையில் துணி சுற்றிக்கொள்ளுங்கள். வெளிச்சத்துக்கு டார்ச் மட்டும்தான். தீக்குச்சி, லைட்டர் எதுவும் பக்கத்தில் வரக் கூடாது.

இப்படித் திறந்து பெட்ரோல் போட்ட பிறகு, வெளிமூடியை அழுத்திப் பூட்டிவிடாதீர்கள். உள்மூடியை மட்டும் இறுகத் திருகிவிட்டு, வெளிமூடியை டேப்பால் ஒட்டிக்கொண்டு பட்டறைக்குப் போங்கள். கேபிளோ ஸ்பிரிங்கோ மாற்றுவது பெரிய வேலை அல்ல. நெம்பி வளைத்த தகரத்துக்கு டிங்கரிங், பெயிண்டிங் என்று போனால்தான் பணம் கரையும்.

மக்கர் வராமல் இருக்க

நகரத்துக் காரைவிட நம் ஊர்க் காருக்குச் சோதனை அதிகம். வாய்க்கால் கரைச் சேறு, நெற்களத்துத் தூசி, செங்கல் சூளைப் பொடி எல்லாம் அந்த இடுக்கில்தான் போய் அடைகின்றன. நாகப்பட்டினம், ராமநாதபுரம், தூத்துக்குடி போன்ற கடலோர மாவட்டங்களில் உப்புக்காற்று கீலைச் சீக்கிரம் துருவாக்கும். வண்டி நாள்கணக்கில் நின்றால் உள்ளே குளவி மண்கூடு கட்டியிருப்பதும் உண்டு.

ஆடியில் ஒரு தடவை, அறுவடை முடிந்து தை, மாசியில் ஒரு தடவை இந்தப் பராமரிப்பைச் செய்யுங்கள். 15 நிமிட வேலை.

வெளிமூடியைத் திறந்து, உள்மூடியை இறுக்கி வைத்தபடியே, ஈரத்துணியால் சுற்றிலும் துடைக்க வேண்டும். பழைய பல் தேய்க்கும் பிரஷ்ஷால் கீல், கொண்டி, ஸ்பிரிங் மூன்றையும் தேய்த்துச் சுத்தம் செய்ய வேண்டும். துரு இருந்தால் டபிள்யூடி-40 போன்ற ஸ்பிரேயைத் துணியில் அடித்துத் தடவி, துருவைத் துடைத்தெடுத்துவிட்டு, பிறகு வெள்ளை கிரீஸைக் கடுகளவு வைத்தால் போதும். தேங்காய் எண்ணெய் விடும் பழக்கத்தை விட்டுவிடுங்கள். அது தூசியைப் பிடித்துப் பிசின் மாதிரி ஆகும். மார்கழிக் குளிரில் உறைந்தும் போகும்.

உள்மூடி உட்காரும் கிண்ணத்தின் அடியில் ஒரு சின்ன ஓட்டை இருக்கும். மழைத் தண்ணீர் வடிவதற்கான வழி அது. அடைத்திருந்தால் மெல்லிய ஈர்க்குச்சியால் மெதுவாக நீக்கி, கொஞ்சம் தண்ணீர் விட்டு வடிகிறதா என்று பார்க்க வேண்டும். இந்த ஓட்டை அடைத்தால் கிண்ணத்தில் தண்ணீர் தேங்கும். நீங்கள் உள்மூடியைத் திறக்கும் நேரம் அது நேராக டேங்குக்குள் இறங்கும்.

இதை வலியுறுத்திச் சொல்லக் காரணம் உண்டு. இப்போது பங்க்குகளில் கிடைப்பது 20 சதவிகிதம் எத்தனால் கலந்த இ20 பெட்ரோல். நம் கரும்பும் மக்காச்சோளமும் உடைந்த அரிசியும்தான் அந்த எத்தனாலாகிறது. எத்தனால் தண்ணீரைத் தன்னோடு இழுத்துக்கொள்ளும். தண்ணீர் அளவு மீறினால், எத்தனாலும் தண்ணீரும் சேர்ந்து பெட்ரோலிலிருந்து பிரிந்து டேங்கின் அடியில் தங்கிவிடும். பம்ப் உறிஞ்சுவது அடியிலிருந்து என்பதால் வண்டி திணறி நின்றுவிடும். எனவே மழைக்காலத்தில் அந்தச் சின்ன ஓட்டையைக் கவனிப்பது அவசியம்.

பழைய கார் வாங்கப் போகிறவர்கள் இன்ஜின், டயர் பார்ப்பதோடு இந்த மூடியையும் நான்கு முறை திறந்து மூடிப் பாருங்கள். மூடியின் நிறமும் பக்கத்துத் தகரத்தின் நிறமும் வேறுபட்டால், அந்தப் பக்கம் அடிபட்டுப் பெயிண்ட் அடித்திருக்கலாம். விலை பேசும்போது அதைக் கேளுங்கள். வாங்கிய அன்றே டிக்கிக்குள் அவசரக் கயிறு இருக்கிறதா என்று தேடி, வீட்டில் வண்டி ஓட்டும் எல்லோருக்கும் காட்டிவையுங்கள். ராத்திரி அவசரத்தில் ஓட்டப்போவது உங்கள் மகளாகவும் இருக்கலாம்.

வாசகர் கேள்விகள்

கேள்வி: எங்கள் டிராக்டர் அரை மணி நேரம் உழுததும் இழுவை குறைந்து நின்றுவிடுகிறது. கொஞ்ச நேரம் விட்டால் மறுபடி ஓடுகிறது. ஃபில்டர் மாற்றியும் சரியாகவில்லை. (வாசகர், திருவாரூர் மாவட்டம்)

பதில்: டீசல் டேங்க் மூடியைப் பாருங்கள். டீசல் குறையக் குறைய, அந்த இடத்துக்குக் காற்று உள்ளே வர வேண்டும். அதற்காக மூடியில் ஒரு மூச்சுத்துளை உண்டு. அது தூசியால் அடைத்தால் டேங்குக்குள் வெற்றிடம் உண்டாகி டீசல் இறங்காது. அடுத்த முறை நிற்கும்போது மூடியைத் தளர்த்துங்கள். ‘உஸ்’ என்று காற்று உள்ளே இழுக்கும் சத்தம் கேட்டு, உடனே வண்டி ஓடினால் குறை மூடியில்தான். மூடியை டீசலில் ஊறவைத்து, பிரஷ்ஷால் தேய்த்து, காற்றடித்துச் சுத்தம் செய்யுங்கள். மூடி தொலைந்துவிட்டது என்று பிளாஸ்டிக் பையைச் சுற்றி ரப்பர் போடுவதும் இதே தொல்லையைத் தரும். வேலை முடிந்த சாயங்காலமே டேங்கை நிரப்பிவைத்தால், இரவுக் குளிரில் காலி டேங்குக்குள் ஈரம் வேர்த்துத் தண்ணீர் சேர்வதும் குறையும்.

கேள்வி: உள்மூடியைத் திருகும்போது ‘உஸ்’ சத்தம் வருகிறது. ஆபத்தா? (வாசகி, ஒட்டன்சத்திரம்)

பதில்: வெயிலில் நின்ற வண்டியில் கொஞ்சம் சத்தம் வருவது சகஜம். சத்தம் அடங்கும்வரை பொறுத்து, மெதுவாகத் திறங்கள். முகத்தைத் தள்ளி வைத்துக்கொள்ளுங்கள். மூடியைத் திருகவே முடியாத அளவுக்கு இறுகுகிறது, ஒவ்வொரு முறையும் பலமாகச் சீறுகிறது என்றால், ஆவி போகும் வழியில் அடைப்பு இருக்கலாம். மெக்கானிக்கிடம் காட்டுங்கள்.

கேள்வி: சாவி போட்டுத் திறக்கும் உள்மூடி. சாவி நுழைகிறது, திரும்பவில்லை. (வாசகர், பெரம்பலூர்)

பதில்: பூட்டுக்குள் தூசி இறங்கியிருக்கும். எண்ணெய் விட வேண்டாம். பென்சிலின் கரி முனையைச் சாவியின் இரண்டு பக்கமும் நன்றாகத் தேய்த்து, செருகிச் செருகி எடுங்கள். மெல்ல இளகும். பலம் போட்டால் சாவி உள்ளேயே உடையும்; அப்புறம் மூடியையே உடைக்க வேண்டிவரும்.

கேள்வி: புதிய டீசல் வண்டியில், டீசல் மூடி தவிர நீல நிறத்தில் இன்னொரு மூடி இருக்கிறது. அதில் யூரியா கரைசல் ஊற்ற வேண்டுமாம். வீட்டில் இருக்கும் யூரியாவைக் கரைத்து ஊற்றினால் செலவு மிச்சம்தானே? (வாசகர், விழுப்புரம் மாவட்டம்)

பதில்: வேளாண் அலுவலராக இதற்கு அழுத்தமாகவே பதில் சொல்கிறேன். ஊற்றாதீர்கள். 2020 ஏப்ரல் முதல் பி.எஸ்-6 விதி வந்த பிறகு, பல டீசல் வண்டிகளில் புகையைச் சுத்தம் செய்ய டெஃப் என்ற திரவம் தேவைப்படுகிறது. ஆட்ப்ளூ என்றும் சொல்வார்கள். அதில் 32.5 சதவிகிதம் யூரியாதான், மீதி தாதுக்கள் நீக்கிய தண்ணீர். ஆனால் அது மிகத் தூய்மையான யூரியா. நம் மூட்டையில் இருப்பது வேப்பெண்ணெய் பூசிய யூரியா. 2015-லிருந்து விவசாயத்துக்கு வருவது எல்லாம் இதுதான். அந்த எண்ணெயும், கிணற்றுத் தண்ணீரின் உப்பும் புகைக்குழாயில் இருக்கும் விலை உயர்ந்த கருவியை அடைத்துப் பாழாக்கிவிடும். மிச்சம் பிடிப்பது சில நூறு ரூபாய். போவது பெரிய தொகை. அதோடு, மானிய யூரியா பயிருக்கு மட்டும்தான். வேறு வேலைக்குத் திருப்பிவிடுவது உரக் கட்டுப்பாட்டு ஆணை, 1985-ன்படி குற்றம்.

இன்னொன்று: நீல மூடியில் டீசலோ, டீசல் டேங்கில் டெஃப்போ தவறி ஊற்றிவிட்டால் சாவியைத் திருப்பவே கூடாது. வண்டியைத் தள்ளி ஓரம் கட்டி, டேங்கைக் காலி செய்த பிறகே ஸ்டார்ட் செய்ய வேண்டும். பங்க்கில் ஊற்றும் முன் எந்த மூடி திறந்திருக்கிறது என்று நீங்களே ஒரு முறை இறங்கிப் பார்த்துவிடுங்கள்.